கிடை, மட்டம், கிடைமட்டம்: மூன்றும் ஒன்றல்ல

நண்பர்களுக்கு வணக்கம்.

கட்டுமானத் தளப் பாதுகாப்புக் கையேட்டின் தமிழ் வடிவத்தில் ‘ஹரிசாண்டல்’ (தரைக்கு இணையான திசை) என்பதற்கு எந்தச் சொல்லை நிலைப்படுத்துவது என்று எழுந்த கேள்விக்கு, ‘கிடைமட்டம்தான் எல்லாருக்கும் தெரியுமே, இதில் விவாதிக்க என்ன இருக்கிறது’ என்ற மறுமொழியே பலரிடமிருந்து வந்திருக்கிறது. தமிழ்நாட்டுப் பாடநூல்களில் வேரூன்றிய சொல் அது என்பதையும், அதைப் படித்து வளர்ந்தவர்களின் தொகை பெரிது என்பதையும் நான் மறுக்கவில்லை. ஆனால் கிடை, மட்டம் என்னும் இரு வேறு கருத்துகளை அது ஒரே முடிச்சில் கட்டிவிடுகிறது. அந்த முடிச்சு அவிழ்ந்தாக வேண்டிய இடங்கள் நம் கையேட்டிலேயே இருக்கின்றன. ஆகவே ‘கிடை’ என்பதைத் தலைச்சொல்லாகக் கொண்டு, ‘மட்டம்’ என்பதை அதற்கே உரிய வேறு பொருளுக்கு விட்டுவிட வேண்டும் என்று முன்மொழிகிறேன்.

கையேட்டிலிருந்தே தொடங்குகிறேன். சிங்கப்பூரில் உயரத்தில் செய்யும் வேலைகளுக்கான விதிமுறைகள் 2013இல் நடப்புக்கு வந்தன. 3 மீட்டருக்கு மேற்பட்ட உயரத்திலிருந்து விழக்கூடிய வேலை என்றால் முன்கூட்டியே அனுமதிச் சீட்டுப் பெற்றாக வேண்டும். அத்தகைய இடங்களில் இரண்டு நங்கூரப் புள்ளிகளுக்கு இடையே ஒரு கயிற்றையோ கம்பிவடத்தையோ கட்டி, தொழிலாளி தன் உடலில் கட்டிய பாதுகாப்புப் பட்டையான ஹார்னஸின் கொக்கியை அதில் மாட்டிக்கொண்டு, அதன் போக்கிலேயே நடந்து வேலை செய்கிறார். வரைவில் இது ‘கிடைமட்ட உயிர்காப்புக் கயிறு’ என்று இருக்கிறது. அந்த வரியைப் பயிற்சியில் வாசித்துக் காட்டியபோது எழுந்த முதல் கேள்வி, ‘எந்த மட்டத்துலண்ணே கட்டணும்?’ என்பதுதான். கேட்டவரைக் குறை சொல்ல முடியாது. தளத்தில் மட்டம் என்றால் உயரம். தரைமட்டம், லிண்டல் (கதவு, சன்னலுக்கு மேலுள்ள உத்தரம்) மட்டம், கூரை மட்டம் என்றே அந்தச் சொல் அவர் காதில் விழுந்து பழகியிருக்கிறது.

இன்னொன்றும் உண்டு. அந்தக் கயிறு மட்டமாக இருக்கப்போவதே இல்லை. இரு முனைகளுக்கு நடுவே அது தொய்கிறது. யாரேனும் விழுந்துவிட்டால் இன்னும் தொய்கிறது. அந்தத் தொய்வையும் சேர்த்துக் கணக்கிட்ட பிறகுதான், கீழே எவ்வளவு இடைவெளி தேவை என்று பொறியாளர் முடிவு செய்கிறார். தொய்வே கூடாது என்று விறைப்பாக இழுத்துக் கட்டினாலோ, விழும்போது நங்கூரப் புள்ளிகள் தாங்க வேண்டிய இழுவிசை பல மடங்கு கூடிவிடும். ஆக, இங்கே நாம் குறிக்க வேண்டியது கயிறு செல்லும் திசையை மட்டுமே. அதன் உயரத்தையும் அல்ல, வளைவின்மையையும் அல்ல. ‘கிடைக் கயிறு’ என்றால் திசை மட்டும் நிற்கிறது. மேலிருந்து தொங்குவதை ‘நிலைக்குத்துக் கயிறு’ என்று சொல்லிவிடலாம்.

இது பாமரக் குழப்பம், அறிஞர்களுக்கு இந்தச் சிக்கல் இல்லை என்று யாரும் எண்ணிவிடக் கூடாது. நில அளவையில் இவ்விரண்டும் கறாராகப் பிரிக்கப்பட்ட கருத்துகள். மட்டக்கோடு என்பது தன் ஒவ்வொரு புள்ளியிலும் தூக்குக்குண்டின் (நூலில் கட்டித் தொங்கவிடும் எடை) நூலுக்குச் செங்கோணத்தில் இருப்பது. பூமி உருண்டையாக இருப்பதால் அது வளைந்தே தீரும். அலையடங்கிய கடற்பரப்பு மட்டம். கடல்மட்டம் என்று நாம் சொல்வதும் அதையே. கிடைக்கோடு அப்படியல்ல. அது ஒரேயொரு புள்ளியில் தூக்கு நூலுக்குச் செங்கோணத்தில் புறப்பட்டு, பிறகு வளையாமல் நேராகப் போய்க்கொண்டிருப்பது. புறப்பட்ட இடத்தில் மட்டக்கோட்டைத் தொட்டுவிட்டு, போகப் போக அதைவிட்டு மேலே விலகுகிறது. 1 கிலோமீட்டர் தொலைவில் இந்த விலகல் ஏறத்தாழ 7.8 சென்டிமீட்டர். விலகல் தொலைவின் வர்க்கத்துக்கு ஏற்பப் பெருகுவதால், 2 கிலோமீட்டரில் 31 சென்டிமீட்டரைத் தாண்டுகிறது. 10 கிலோமீட்டரில் 8 மீட்டரை நெருங்குகிறது. காற்றில் ஒளி வளைவதால் அளவைக் கருவியின் பார்வைக்கோடு சற்றே கீழிறங்கி, இந்த விலகலில் ஏழில் ஒரு பங்கு அளவுக்குக் குறைகிறது என்பது உண்மை. ஆனாலும் இரண்டும் ஒன்றாகிவிடுவதில்லை. ஈஸ்ட் கோஸ்ட் கடற்கரையில் நின்று நங்கூரமிட்ட கப்பல்களைப் பார்க்கும் எவரும், கிடைக்கோட்டின் வழியே பார்வையைச் செலுத்திக்கொண்டு மட்டத்தைப் பார்ப்பதாக எண்ணிக்கொள்கிறார்.

நியூயார்க்கில் 1964இல் திறக்கப்பட்ட வெரசானோ பாலத்தின் கோபுரங்கள் இதற்கு நல்ல சான்று. ஏறத்தாழ 211 மீட்டர் உயரமுள்ள அவ்விரு கோபுரங்களுக்கும் இடையே 1,298 மீட்டர் இடைவெளி இருக்கிறது. அடியில் இருப்பதைவிட உச்சியில் அந்த இடைவெளி 41 மில்லிமீட்டர் கூடுதல். இரண்டுமே பிசகில்லாத நிலைக்குத்தாக நிற்பவை; அப்படி நிற்பதாலேயே அவை ஒன்றுக்கொன்று இணையாக இல்லை. ஒரு கோபுரத்தின் அடியிலுள்ள கிடைத்தளம் மற்றதன் அடியிலுள்ள கிடைத்தளத்தோடு ஒன்றாது. இரண்டுக்கும் பொதுவாக இருப்பது மட்டம் மட்டுமே. இந்த வாக்கியத்தில் ‘கிடைமட்டம்’ என்ற சொல்லை எங்கே இட்டாலும் பொருள் கெடுகிறது. அந்தச் சொல்லைக் கைவிட எனக்கு இந்த ஒரு காரணமே போதும்.

‘தொடுவானத் திசை’ என்று ஒரு நண்பர் முன்மொழிந்திருக்கிறார். ஆங்கிலச் சொல்லின் பிறப்பை ஒட்டிய முன்மொழிவு அது. எல்லையிடுவதைக் குறிக்கும் கிரேக்க வினையிலிருந்து அடிவானத்துக்கு ஒரு பெயரும், அந்தப் பெயரிலிருந்து இந்தத் திசைக்கு ஒரு பெயரும் ஆங்கிலத்துக்குக் கிடைத்தன. நாம் அந்த வழியில் போக வேண்டிய கட்டாயம் இல்லை. நம்மிடம் உடலின் நிலையைக் கொண்டு திசையைச் சொல்லும் வழக்கு தொன்றுதொட்டே இருக்கிறது. பெருமாள் கோயில்களில் நின்ற திருக்கோலம், இருந்த திருக்கோலம், கிடந்த திருக்கோலம் என்பார்கள். திருவரங்கத்தில் அரவணையில் பள்ளிகொண்டிருப்பது கிடந்த கோலம். நில் என்பதிலிருந்து நிலை, கிட என்பதிலிருந்து கிடை. இந்த இணையை எந்தக் குழுவும் உட்கார்ந்து உருவாக்கவில்லை. மொழிக்குள் அது ஏற்கெனவே இருந்தது. இலங்கைத் தமிழ்ப் பாடநூல்கள் கிடை, நிலைக்குத்து என்ற இணையையே கையாளுகின்றன என்பதால், இது நடைமுறையில் தேறாத புதுச்சொல் என்றும் சொல்ல முடியாது.

‘படுக்கைவசம்’ கொத்தனார்களின் சொல். செங்கல்லைப் படுக்கைவசமாக வை என்றால் விளக்கமே தேவையில்லை. உள்ளபடியே எனக்கு மிகவும் பிடித்த சொல் அதுதான். ஆனால் படுக்கைவசத் திசைவேகம், படுக்கைவசக் கூறு என்று தொடர்கள் கட்டும்போது நாக்கு இடறுகிறது. ‘குறுக்கு’ என்பது இன்னும் பொருந்தாது. நெடுக்கு எது என்று தெரிந்த பிறகுதான் குறுக்கு எது என்று சொல்ல முடியும். நிற்கும் தூணுக்குக் குறுக்கு கிடையாக இருக்கும், கிடக்கும் உத்தரத்துக்குக் குறுக்கு நிலைக்குத்தாகவும் இருக்கலாம். குறுக்குவெட்டு, குறுக்கலை என்பவற்றில் அந்தச் சொல் சரியான இடத்தில்தான் இருக்கிறது, அங்கேயே இருக்கட்டும்.

கிடை என்பதற்கு எதிராக வந்த தடைகளில் வலுவானது, ‘கிடையாது’ என்ற அன்றாடச் சொல்லோடு அது மோதும் என்பது. ‘இந்தக் கம்பி கிடையாக இருக்கக் கூடாது’ என்ற வாக்கியத்தை விரைந்து படிப்பவர் தடுமாறுவார் என்று கோலாலம்பூர் நண்பர் எழுதியதை ஒப்புக்கொள்கிறேன். ‘கிடைத் தொலைவு’ என்பதற்கும் ‘கிடைத்த தொலைவு’ என்பதற்கும் இடையே ஒரே ஓர் எழுத்துதான் வேறுபாடு என்பதும் மெய்யே. இதைச் சொல்லை மாற்றித் தீர்ப்பதைவிட, சொல்லைக் கையாளும் முறையால் தீர்க்கலாம். கிடைக்கோடு, கிடைத்தளம், கிடைத்திசை, கிடையச்சு என்று எப்போதும் ஒரு பெயரோடு ஒட்டியே எழுதலாம். வினையடை வேண்டிய இடத்தில் ‘கிடையாக’ என்பதைத் தவிர்த்துக் ‘கிடைத்திசையில்’ என்று எழுதலாம். ஆட்டுக்கிடை, நோயாளி கிடையில் விழுவது ஆகியவற்றைக் காட்டி எழுப்பிய தடையை நான் பொருட்படுத்தவில்லை. அந்த இரண்டிலும் இருப்பது நமக்கு வேண்டிய அதே கிடத்தல்தான்.

நிலைக்குத்து என்பதை நான் வலியுறுத்துவதற்கும் காரணம் உண்டு. தமிழ்நாட்டு வழக்கில் செங்குத்து என்ற ஒரே சொல், பூமியை நோக்கிய திசைக்கும் செங்கோண உறவுக்கும் சேர்த்துப் பயன்படுகிறது. தரையில் இரண்டும் ஒன்றாகவே தோன்றுவதால் குழப்பம் வெளியே தெரிவதில்லை. 30 பாகை சாய்ந்த தளத்தில் ஒரு பெட்டியை வைத்ததும் தெரிந்துவிடும். அந்தத் தளம் பெட்டியைத் தாங்கும் விசை தளத்துக்குச் செங்குத்தானது; ஆனால் நிலைக்குத்துத் திசையிலிருந்து 30 பாகை விலகியது. ‘செங்குத்து விசை’ என்று மட்டும் எழுதினால் மாணவர் பாதிப் பேர் நேர்மேல்நோக்கி அம்புக்குறி போடுவார்கள். நிலைக்குத்து என்பது பூமியோடு உள்ள உறவு, செங்குத்து என்பது ஏதேனும் ஒரு கோட்டோடோ தளத்தோடோ உள்ள உறவு என்று பிரித்துக்கொண்டால், கிடை என்பதும் தன் இடத்தில் தெளிவாக அமர்ந்துவிடும்.

சிங்கப்பூரில் நமக்கு ஒரு வசதி இருக்கிறது. அதை வசதி என்று சொல்வதா, வருத்தம் என்று சொல்வதா என்பது வேறு பேச்சு. உமறுப் புலவர் தமிழ் உயர்நிலைப் பள்ளி 1982இல் மூடப்பட்ட பிறகு, இங்கே கணிதமும் அறிவியலும் தமிழில் கற்பிக்கப்படுவதில்லை. இங்கே பிறந்து வளர்ந்த இளையருக்குக் கிடைமட்டமும் கிடையும் ஒரே அளவுக்குப் புதியவை. பாடநூல் வழக்கு நம் கையைக் கட்டவில்லை என்னும்போது, சுருக்கமானதும் துல்லியமானதுமான சொல்லை எடுத்துக்கொள்வதில் தடையென்ன? இணையம் என்ற சொல்லை நமக்குத் தந்தவராகக் கருதப்படுபவர் இவ்வூர் நா. கோவிந்தசாமி. அந்தச் சொல் இணையத்தளம், இணையவழி, இணையப் பாதுகாப்பு என்று கிளைத்ததற்கு அதன் குறுமையும் ஒரு காரணம் என்றே நினைக்கிறேன்.

அடுத்தது திரை. கைப்பேசியை மேசைமீது படுக்க வைத்தால் அதன் திரையிலுள்ள எல்லாக் கோடுகளும் பூமியைப் பொறுத்தவரை கிடைக்கோடுகளே. ஆனாலும் ஆங்கிலத்தில் ஒரு பக்கத்தை மட்டும் ‘ஹரிசாண்டல்’ என்பார்கள். அங்கே அளவுகோல் பூமி அல்ல, எழுத்து ஓடும் போக்கு. இந்தப் பொருளுக்கும் கிடையையே இழுத்து வர வேண்டியதில்லை. குறுக்கெழுத்துப் போட்டிகள் ‘இடமிருந்து வலம்’ என்று எளிதாகத் தீர்த்துவைத்திருக்கின்றன. கணிதத்தில் எண்களைக் கட்டமாக அடுக்கும் அணிக்கோவையில் நிரை, நிரல் என்ற இணை இருக்கிறது. படத்தையோ தாளையோ திருப்பி வைப்பதற்கு அகலவாக்கு, நீளவாக்கு இருக்கின்றன. திரை உள்ளடக்கத்தை இழுத்துப் பார்ப்பதற்குப் ‘பக்கவாட்டில் நகர்த்துக’ என்பதே போதும்.

உருவகமாக வழங்கும் இடங்களில் நான் இன்னும் கண்டிப்பாக இருப்பேன். 1928இல் பிரடெரிக் கிரிபித் நுண்ணுயிரிகளை வைத்துச் செய்த சோதனையில், கொல்லப்பட்ட ஒரு வகையின் பண்பு உயிருள்ள வேறொரு வகைக்குத் தாவியது. பெற்றோரிடமிருந்து பிள்ளைக்கு இறங்காமல் அண்டை உயிரணுவுக்குப் போகும் இத்தகைய மரபணுக் கடத்தலைக் ‘கிடைமட்ட மரபணு மாற்றம்’ என்று எழுதுகிறார்கள். இதில் கிடப்பதும் இல்லை, மட்டமும் இல்லை. ‘பக்கவாட்டு மரபணுக் கடத்தல்’ என்றால், மருந்துக்கு மசியாத நுண்ணுயிரி தன் எதிர்ப்பாற்றலை அருகிலிருப்பதற்குத் தருகிறது என்று செய்தி வாசகர் உடனே புரிந்துகொள்வார். நிறுவன அமைப்பு பற்றிய கட்டுரைகளில் வரும் ‘கிடைமட்ட உறவு’ என்பதற்கு ஒரே படிநிலையினரின் உறவு என்று விரித்து எழுதினால் போயிற்று.

கடைசியாக, வரைவில் ரசமட்டம் (குமிழைக் கொண்டு மட்டம் பார்க்கும் கருவி) என்பதைக் ‘கிடைமானி’ என்று மாற்றச் சொல்லி வந்த திருத்தம். கிடையை ஆதரிப்பவன் என்பதற்காக இதையும் நான் ஆதரிப்பேன் என்று எதிர்பார்க்க வேண்டாம். கருவியைச் சுவர்மேல் வைத்து, குமிழ் இரு கோடுகளுக்கு நடுவே நிற்கிறதா என்று பார்த்து, பிறகு முனை மாற்றித் திருப்பி வைத்து, குமிழ் அதே இடத்துக்கு வராவிட்டால் கருவியிலேயே பிசகு என்று கண்டுபிடிக்கும் கொத்தனாருக்கு அதன் பெயர் ரசமட்டம்தான். அவர் தூக்கு பார்ப்பதும் மட்டம் பார்ப்பதும் ஒரு சுவரின் நீளத்துக்கு உட்பட்ட வேலை. அந்த நீளத்தில் மட்டமும் கிடையும் விலகும் அளவு கண்ணுக்குப் புலப்படாது. எனவே கருவியின் பெயர் வரும் இடங்களில் ரசமட்டமும் தூக்குக்குண்டும் அப்படியே இருக்க வேண்டும். உயரத்தைக் குறிக்கும் இடங்களில் மட்டம் நீடிக்கலாம். கயிறு, சாரக்கட்டின் குழாய், விசை ஆகியவற்றின் திசை வரும் இடங்களில் மட்டும் ‘கிடைமட்ட’ என்பதில் உள்ள ‘மட்ட’ என்பதை நீக்கி, ஒற்று மிகும் இடங்களைக் கவனித்துத் திருத்தித் தருகிறேன்.