கடைசி டிராகன்பார்ன்: கடைசி என்றால் கடைசிதானா?

பனிக்கரடி:
ஸ்கைரிம் வீடியோ கேமில் கிடைக்கும் 'டிராகன்பார்ன்' (டிராகன் ஆன்மாவோடு பிறந்த மனிதர்) நூலின் தீர்க்கதரிசனத்தில் 'லாஸ்ட்' என்றால் 'இப்போதைக்குக் கடைசி' என்றுதான் பொருளாம், அடுத்த பாகத்தில் இன்னொருவர் வருவாராம். நேற்று ஒரு மேதாவி எழுதியிருக்கிறார். படித்ததும் காபி புரையேறிவிட்டது. மொத்தமே ஆறு வரி. ஆறாவதில் உலகை விழுங்கும் டிராகன் ஆல்டுயின் விழிக்கிறான், சக்கரம் கடைசி டிராகன்பார்ன் மேல் சுழல்கிறது. கடைசி என்றால் கடைசி. இதில் என்ன ஆராய்ச்சி?

ஆந்தைக்கண்ணன்:
அந்த மேதாவி நான்தான். பெயர் சொல்லியே திட்டலாம். 'கடைசியாக வந்த பஸ்' என்றால் இனி பஸ்ஸே வராதா?

பனிக்கரடி:
'கடைசியாக வந்த பஸ்' வேறு, 'கடைசி பஸ்' வேறு. கடைசி பஸ்ஸை விட்டுவிட்டு ஸ்டாண்டிலேயே படுத்தவனைக் கேளுங்கள், சொல்வான். பித்தளைக் கோபுரம் நடக்கும் என்றது தீர்க்கதரிசனம், முந்தைய பாகமான டாகர்ஃபாலில் நடந்தது. சிவப்புக் கோபுரம் அதிரும் என்றது, மாரோவிண்டில் அதிர்ந்தது. அரசன் அரியணை இழப்பான் என்றது, ஆப்லிவியனில் இழந்தான். எல்லாம் அச்சுப் பிசகாமல் பலித்திருக்க, ஒரு சொல் மட்டும் பிசகுமா?

மீன்குழம்பு:
1996, 2002, 2006-இல் வந்த விளையாட்டுகளை 2011-இல் உட்கார்ந்து வரிசையாக எழுதினால் அச்சுப் பிசகாமல்தான் பலிக்கும். வந்தவர் செருப்பைப் பார்த்தே "நிறைய அலைந்திருக்கிறீர்கள்" என்று சொல்லும் ஜோசியர் மாதிரி.

பனிக்கரடி:
கதைக்குள் பேசுங்கள். நூல் எழுதியது மூன்றாம் யுகம் 360. அந்த யுகம் முடிந்தது 433-இல். ஸ்கைரிம் நடப்பது நான்காம் யுகம் 201. ஆக 274 வருடம் முன்னாலேயே எழுதியது. கணக்கு வருமா தம்பி?

மீன்குழம்பு:
தம்பியா? டாகர்ஃபால் வந்த வருடம் நான் பத்தாவது பரீட்சை எழுதியவன்.

ஆந்தைக்கண்ணன்:
நூலை எழுதிய வேனன் மடாலயத் தலைவரே 'இதற்குப் பொருள் சொல்ல நான் ஆளில்லை' என்று ஒதுங்கிக்கொள்கிறார். எல்டர் ஸ்க்ரோல் என்ற மாயச் சுருளில் இருந்து வந்தது என்பார்கள், அகாவிர் கண்டத்துப் பழைய மக்களுடையது என்றும் சொல்வார்கள் என்கிறார். ஊர் பேர் தெரியாத ஆறு வரியை வைத்துக்கொண்டு இவ்வளவு சத்தமா?

பனிக்கரடி:
எல்டர் ஸ்க்ரோல் படித்துப் படித்தே அந்துப்பூச்சித் துறவிகளுக்குக் கண் போகிறது. உங்களுக்குக் கண் நன்றாகத்தான் இருக்கிறது, கடைசி என்ற சொல்தான் தெரியவில்லை. அப்புறம், மிராக் முதல் டிராகன்பார்ன். முதல் என்று ஒருவர் இருந்தால் கடைசி என்றும் ஒருவர் உண்டு.

ஆந்தைக்கண்ணன்:
எங்கள் தாத்தாவுக்கு முதல் பேரன் நான். கடைசிப் பேரன் இன்னும் பிறக்கவில்லை.

ரிவர்வுட்_கோழி:
பனிக்கரடி, போன மாதம் விளையாட்டில் கிழட்டு டிராகன் பார்தர்னாக்ஸைக் கொன்றுவிட்டுப் பெருமையாகப் படம் போட்டவர்தானே நீங்கள்? உங்களோடு தீர்க்கதரிசனம் பேச எனக்கு மனசில்லை.

பனிக்கரடி:
ஆமாம், கொன்றேன். ஆல்டுயினுக்கு வலது கையாக இருந்த டிராகன். மலை உச்சியில் உட்கார்ந்து தியானம் செய்தால் பழைய கணக்கு தீர்ந்துவிடுமா? டிராகன் வேட்டைக்கார பிளேட்ஸ் கூட்டத்து எஸ்பர்ன் அதைக் கொல்லச் சொல்லிக் கேட்டதில் தப்பே இல்லை.

ரிவர்வுட்_கோழி:
மனிதர்களுக்குக் குரல்வித்தை சொல்லிக்கொடுத்ததே அந்தக் கிழவர்தான். அவர் பேசும்போது பொத்தானைத் தட்டித் தட்டித் தாண்டினால் இப்படித்தான். எஸ்பர்ன் சுவரைப் பார்த்துக் கதை சொல்கிற ஆள்.

பனிக்கரடி:
அந்தச் சுவரில்தான் இந்தத் தீர்க்கதரிசனமே செதுக்கியிருக்கிறது. அதற்காவது மரியாதை கொடுங்கள். ஸ்கைரிமின் ரிவர்வுட் ஊரில் ஒரு கோழியை அடித்தால் மொத்த ஊரும் கத்தியோடு வரும். உங்கள் பெயர்ப் பொருத்தம் பிரமாதம்.

மீன்குழம்பு:
இன்னும் 'தம்பி'க்கு மன்னிப்பு வரவில்லை.

ஆந்தைக்கண்ணன்:
சரி, கடைசியாக ஒன்று சொல்லிவிட்டுப் போகிறேன்.

பனிக்கரடி:
எந்தக் கடைசி? என் கடைசியா, உங்கள் கடைசியா? லேட்டஸ்ட் என்று எழுதத் தெரியாமலா லாஸ்ட் என்று எழுதினார்கள்? நாளைக்கும் வருவேன், இதையேதான் கேட்பேன்.

ரிவர்வுட்_கோழி:
பார்தர்னாக்ஸுக்குப் பதில் சொல்லிவிட்டு வாருங்கள்.