எதிர்த்தடம், எதிரேறல்: ராங் சைடுக்கு ஒரே சொல் போதாது

நண்பர்களே,

சாலையில் புழங்கும் ஆங்கிலச் சொற்களுக்குத் தமிழ்க் கலைச்சொற்களைப் பட்டியலிடும் இந்த இழை முழுவதையும் படித்துவிட்டேன். ராங் சைடில் ஓட்டுவதற்கு ‘எதிர்த்திசை ஓட்டம்’ என்று வைத்துக்கொண்டு அடுத்த சொல்லுக்குப் போய்விடலாம் என்பதுதான் பெரும்பாலோர் எண்ணம் போலிருக்கிறது. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. கொஞ்சம் நீளமாகவே எழுதப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

> எதிர்த்திசை என்றால் எல்லாருக்கும் புரியும். பத்திரிகையிலும் அதுதானே வருகிறது?

வருகிறது, ஆனால் புரிகிறதா? ‘எதிர்த்திசையில் வந்த லாரி மோதி பைக்கில் சென்றவர் பலி’ என்று ஒரு செய்தியைப் படிக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். நடுவே தடுப்பு இல்லாத சாலையில் நம் எதிரே வருகிற எல்லா வண்டியும் எதிர்த்திசையில்தான் வருகிறது, தன் இடப்பக்கத்தில் ஒழுங்காகத்தான் வருகிறது. லாரிக்காரர் தன் பக்கத்தை விட்டு இம்மியும் நகரவில்லை, பைக்கில் வந்தவர்தான் முன்னால் போன பேருந்தை முந்தப் போய் லாரியின் முன்பக்கத்தில் மோதினார் என்றாலும் செய்தியில் இதே வாக்கியம்தான் இருக்கும். நான்கு வழிச்சாலையில் யூ டர்ன் வரை போகச் சோம்பல்பட்டு லாரியே தப்பான பக்கத்தில் ஏறி வந்து அடித்திருந்தாலும் இதே வாக்கியம்தான். இரண்டில் யார் மேல் தப்பு என்று படிக்கிறவர் ஊகித்துக்கொள்ள வேண்டியதுதான், பெரும்பாலும் லாரி மேல்தான் பழி போகும். ஒரு கலைச்சொல் செய்ய வேண்டிய முதல் வேலையே இந்த இரண்டையும் பிரிப்பது, ‘எதிர்த்திசை’ அதைச் செய்யவில்லை.

சட்டம் இரண்டையும் பிரித்துத்தான் வைத்திருக்கிறது. 1988 மோட்டார் வாகனச் சட்டத்தின் 184ஆம் பிரிவு ஆபத்தாக ஓட்டுவதைப் பற்றியது. 2019இல் வந்த திருத்தம் (அந்த ஆண்டு செப்டம்பர் 1 முதல் நடைமுறை) எவையெல்லாம் ஆபத்தாக ஓட்டுவதில் சேரும் என்று ஒரு பட்டியலே போட்டது. சிவப்பு விளக்கைத் தாண்டுவது, கையில் செல்போன் வைத்துக்கொண்டு ஓட்டுவது எல்லாம் அதில் உண்டு. அதே பட்டியலில் சட்டத்துக்குப் புறம்பாக மற்ற வண்டிகளை முந்துவது ஓர் உருப்படி, அனுமதிக்கப்பட்ட ஓட்டத்துக்கு எதிராக ஓட்டுவது வேறோர் உருப்படி. தண்டனை இரண்டுக்கும் ஒன்றுதான்: முதல் தடவை ஆறு மாதம் முதல் ஓராண்டு வரை சிறை, அல்லது 1,000 முதல் 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மூன்று ஆண்டுக்குள் மறுபடி சிக்கினால் சிறை இரண்டு ஆண்டு வரை, அல்லது அபராதம் 10,000, அல்லது இரண்டும். தண்டனை ஒன்றாக இருந்தும் குற்றத்தை இரண்டாகத்தான் எழுதியிருக்கிறார்கள். நாம் ஏன் ஒரே சொல்லில் அடைக்க வேண்டும்?

சரி, முதலில் லேனுக்கு வருவோம். அது முடிவாகாமல் மற்றது எதுவும் நகராது.

> லேன் = வழி. நான்கு வழிச்சாலை, எட்டு வழிச்சாலை என்று ஊரே சொல்கிறது.

உண்மைதான். அதிலும் 2018இல் சேலம் எட்டு வழிச்சாலைப் பிரச்சினைக்குப் பிறகு அந்த வழக்கு அசைக்க முடியாததாகிவிட்டது, அதை யாரும் மாற்றப் போவதில்லை. ஆனால் ‘ஒருவழிப் பாதை’ என்ற பலகையும் ஊரெல்லாம் இருக்கிறது. எட்டு வழியில் வழி என்பது லேன், ஒருவழியில் வழி என்பது திசை. அப்போது ‘இருவழிச் சாலை’ என்றால் என்ன? இரண்டு லேன் உள்ள சாலையா, இரண்டு திசையிலும் போகலாம் என்கிற சாலையா? ஒருவழிப் பாதையிலேயே இரண்டு லேன் இருந்தால் அதை எப்படிச் சொல்வீர்கள்? சாலையின் பெயராக நான்கு வழி, ஆறு வழி எல்லாம் அப்படியே இருக்கட்டும். லேனைத் தனியாகச் சொல்லும்போது, அதுவும் ‘எதிர்’ என்பதை முன்னால் ஒட்டும்போது வழி உதவாது. ‘எதிர்வழி’ என்றால் எதிரே இருக்கும் இன்னொரு பாதை என்றுதான் காதில் விழுகிறது.

யாழ்ப்பாண நண்பர் ‘ஒழுங்கை’யைப் பரிந்துரைத்திருக்கிறார். அழகான சொல். ஆனால் அவரே சொல்வது போல அங்கே ஒழுங்கை என்றால் வேலிகளுக்கு நடுவே வளைந்து போகும் சின்னத் தெரு. அந்தப் பொருளோடு அது நன்றாக வாழ்ந்துகொண்டிருக்கிறது, இருக்கட்டும்.

என் வாக்கு தடத்துக்கு. சென்னைப் பேருந்தில் ‘தடம் எண்’ என்றால் ரூட் நம்பர், குழப்பம் வரும் என்று ஒருவர் எழுதியிருந்தார். வராது என்று நினைக்கிறேன். வண்டித்தடம் என்பது பழைய சொல், மாட்டுவண்டிச் சக்கரம் மண்ணில் பதிந்து பதிந்து உண்டாக்கிய பள்ளம், அடுத்த வண்டியும் அதிலேயேதான் இறங்கிப் போகும். சாலையில் ஒரு வண்டி போகத்தக்க அகலத்துக்குக் கோடு போட்டு ஒதுக்குவதும் அதே வேலைதானே. ரூட் என்ற பொருளுக்கு வழித்தடம் என்ற முழுச்சொல் தனியாக இருக்கிறது.

ஆகவே எதிரே வருகிறவர்களுக்கு உரிய லேன் ‘எதிர்த்தடம்’. இது வெறும் இடப்பெயர், இதில் குற்றச்சாட்டு எதுவும் இல்லை. ‘எதிர்வரும் தடம்’ என்று ஒருவர் நீட்டியிருந்தார். வேண்டாம், ‘எதிர்வரும் 15ஆம் திகதி’ என்று இலங்கைச் செய்திகளில் படித்துப் பழகியவர்களுக்கு அது இனிமேல் போடப்போகிற தடம் என்று படும். ரஷ்யர்கள் இந்த லேனை ‘வ்ஸ்த்ரேச்கா’ என்று செல்லமாகச் சொல்வார்கள், சந்திப்பு என்று பொருள்படும் சொல்லிலிருந்து வந்தது. நாம் அதைப் பார்த்து ‘சந்திப்புத் தடம்’ என்று வைத்தால் நேரே ஜங்ஷனில் கொண்டுபோய் நிறுத்திவிடும்.

அடுத்தது, எதிர்த்தடத்தில் நுழைவது. இங்கேதான் பலரும் அவசரப்படுகிறீர்கள். தடுப்பு இல்லாத இரண்டு தடச் சாலையில் முந்துவதென்றால் எதிர்த்தடத்துக்குள் போகாமல் முந்தவே முடியாது. அது குற்றமல்ல. நடுக்கோடு விட்டு விட்டுப் போட்டிருந்து, எதிரே வெகுதூரம் காலியாக இருந்தால் வலப்பக்கமாக ஏறி முந்திவிட்டு உடனே இடப்பக்கம் திரும்பிவிடலாம். அறுபடாத ஒற்றைக் கோடு, இரட்டைக் கோடு என்றால் தாண்டி முந்தக் கூடாது. ஒன்று முழுக்கோடும் ஒன்று விட்ட கோடுமாகச் சேர்ந்து ஓடினால், விட்ட கோடு யார் பக்கம் இருக்கிறதோ அவர்கள் மட்டும் தாண்டலாம். மறுபக்கத்தில் வருகிறவர்களுக்கு அதே இடத்தில் தடை. (இந்த விஷயம் லைசென்ஸ் வைத்திருக்கும் எத்தனை பேருக்குத் தெரியும் என்று கேட்டால் சண்டை வரும்.) கோடு எப்படி இருந்தாலும் முன்னால் தெரியாத வளைவு, மேட்டின் உச்சி, குறுகிய பாலம் இவற்றில் முந்தக் கூடாது. 1989 சாலை விதிகள் போய் 2017இல் வந்த ஓட்டுநர் ஒழுங்குமுறைகளிலும் இதன் சாரம் மாறவில்லை. முந்தப்படுகிறவர் அந்த நேரத்தில் வேகத்தைக் கூட்டக் கூடாது என்பதும் அதில் உண்டு, நம் ஊரில் தன்மானப் பிரச்சினையாகிவிடுகிற விதி அது.

ஆகவே இந்தச் செயலுக்கு ‘அத்துமீறல்’, ‘எதிர்த்தட ஆக்கிரமிப்பு’ போன்ற சொற்கள் ஒத்து வராது. ‘நடுக்கோடு தாண்டல்’ என்று வெறுமனே சொன்னால் போதும். சட்டத்துக்கு உட்பட்ட நடுக்கோடு தாண்டலும் உண்டு, புறம்பான நடுக்கோடு தாண்டலும் உண்டு. செய்தி எழுதுகிறவர் எது என்று அடைமொழி போட்டுச் சொல்லட்டும். அப்புறம், இரண்டு வகைக் கோட்டுக்கும் தொடர்கோடு, விடுகோடு என்று வைத்துவிட்டால் அந்த வேலையும் முடிந்தது.

இனி உண்மையான ராங் சைடு. தடுப்புச்சுவர் உள்ள நெடுஞ்சாலையில் என்ன நடக்கிறது என்று நின்று பார்த்திருக்கிறீர்களா? ஊர் ஒருபக்கம், பெட்ரோல் பங்க் அதே பக்கத்தில் சற்றுத் தள்ளி. ஆனால் முறைப்படி அங்கே போக வேண்டும் என்றால் முதலில் நேர் எதிர்ப்புறம் ஓட்டி, தடுப்பில் விட்ட இடைவெளியில் திரும்பி, பங்கைத் தாண்டிப் போய், இன்னோர் இடைவெளியில் மறுபடி திரும்பி வர வேண்டும். டிவிஎஸ் ஃபிஃப்டியில் இரண்டு பக்கமும் பால் கேன் கட்டிய பெரியவர் இதையெல்லாம் செய்ய மாட்டார். அணுகுசாலையிலிருந்து ஏறி, சாலை ஓரத்து வெள்ளைக் கோட்டை ஒட்டியே, பகலிலும் ஹெட்லைட்டைப் போட்டுக்கொண்டு, நம் முகத்தைப் பார்த்தபடி வருவார். அவர் எந்த நடுக்கோட்டையும் தாண்டவில்லை, யாரையும் முந்தவில்லை, எதிர்த்தடத்துக்கு ‘மாறவும்’ இல்லை. சாலையில் ஏறியதே தப்பான முகமாக. இதை முந்தல் விபத்தோடு ஒரே சொல்லில் கட்டுவது எப்படிப் பொருந்தும்? இரவில் இதே காரியத்தை விளக்கு எரியாத டிராக்டர் செய்தால் என்ன ஆகும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ஜெர்மன்காரர்கள் இப்படி வருகிறவருக்கென்றே ‘கைஸ்டர்ஃபாரர்’, அதாவது பேய் ஓட்டி, என்று ஒரு பேச்சுச் சொல் வைத்திருக்கிறார்கள். ஆட்டோபானில் ஒருவர் அப்படி ஏறிவிட்டால் வானொலியில் எச்சரிக்கை கொடுத்துவிடுவார்கள். அங்கே அது அபூர்வம், அதனால் பேய். நம் ஊரில் இதற்குப் பேய் என்று பெயர் வைத்தால் பேய்க்கு மரியாதை போய்விடும்.

என் பரிந்துரை ‘எதிரேறல்’. செய்கிறவர் எதிரேறி. ‘எதிரேறி வந்த கார்’, ‘எதிரேறியவருக்கு அபராதம்’ என்று வினையாகவும் பெயராகவும் மடங்குகிறது. புதிதாகச் செய்ததும் அல்ல. சம்பந்தர் மதுரையில் சமணரோடு செய்த புனல்வாதத்தில் (ஏட்டை ஆற்றில் விட்டு நடத்திய போட்டி) அவருடைய ஏடு வைகையில் எதிரேறிப் போய் ஒதுங்கிய இடம் திருவேடகம் என்பது தலவரலாறு, ‘ஏடு எதிரேறும் விழா’ என்றே அந்தக் கோயிலில் ஒரு விழா நடக்கிறது. ஓடுகிற நீருக்கு எதிராகப் போவதற்குத் தமிழில் காலங்காலமாக உள்ள வினை இது. சட்டத்திலும் ‘ஓட்டத்துக்கு எதிராக’ என்றுதான் இருக்கிறது. எதிர்த்திசை என்பது இரண்டு வண்டிகளை மட்டும் பார்க்கிறது, எதிரேறல் ஓட்டத்தைப் பார்க்கிறது. ஓட்டம் என்று ஒன்று இருந்தால்தான் எதிரேற முடியும்.

> திருவேடகத்தில் அது பெருமை. குற்றத்துக்கு அந்தச் சொல்லை வைப்பதா?

மதுரை நண்பரின் வருத்தம் புரிகிறது. ஏட்டுக்குப் பெருமை, லாரிக்குக் குற்றம், சொல் என்ன செய்யும்? இதை அவமரியாதையாக நான் பார்க்கவில்லை.

> நான்கு வழிச்சாலையில் பாலம் வேலை நடக்கும்போது ஒரு பக்கத்தை மூடிவிட்டு எல்லாரையும் மறுபக்கத்தில் விடுகிறார்களே, அதுவும் எதிரேறலா?

இல்லை. அங்கே ஓட்டத்தையே மாற்றி அனுமதித்திருக்கிறார்கள், நடுவில் கூம்பு வைத்துப் பிரித்திருக்கிறார்கள். ‘எதிர்ப்பக்கம் திருப்பிவிடல்’ என்று சொல்லலாம். ‘திருப்பி விடப்பட்டது’ என்பது ஏற்கெனவே போலீஸ் அறிவிப்பில் இருக்கும் நடைதான். இதற்கு மேல் கலைச்சொல் தேவையில்லை.

எதிரேறலில் எனக்கே உறுத்துகிற ஓர் இடம் மலைச்சாலை. மலையில் இறங்குகிற வண்டிதான் ஏறுகிற வண்டிக்கு வழிவிட வேண்டும் என்பது விதி. கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளிலும் இறங்கி வருகிறவர் கவனிக்க வேண்டியது எதிரே ஏறி வருகிற வண்டியைத்தான். எதிரே ஏறுகிறவருக்கு முன்னுரிமை, எதிரேறுகிறவருக்கு அபராதம் என்று ஒரே பக்கத்தில் அச்சடித்தால் ஓட்டுநர் பள்ளி மாணவர் புத்தகத்தை மூடிவிடுவார். என் பதில், அந்தச் சாலைகளில் நடுத்தடுப்பு கிடையாது, இரு திசைக்கும் ஒரே சாலை, அங்கே நடக்கக்கூடிய தப்பு நடுக்கோடு தாண்டல்தான், எதிரேறல் அங்கே எழவே எழாது.

ஆனால் நீலகிரி இடிக்கிறது. கோடை சீசனில் மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டிக்கு ஏறுவதற்குக் குன்னூர் சாலை, இறங்குவதற்குக் கோத்தகிரி சாலை என்று ஒருவழியாக்கிவிடுவார்கள். அந்த நாட்களில் ஒருவர் குன்னூர் வழியாக இறங்கி வந்தால், என் சொல்லின்படி அவர் ‘எதிரேறி இறங்குகிறார்’. எழுதிப் பார்க்கும்போதே சிரிப்பு வருகிறது. ‘எதிரோட்டம்’ என்று மாற்றினால் இந்தச் சிக்கல் தீரும், ஆனால் எதிரோடி என்று ஆளைச் சொல்ல நாக்கு வரவில்லை, ‘எதிரோட்டக்காரர்’ என்றால் தடகளப் போட்டி மாதிரி இருக்கிறது. மலைக்கும் சமவெளிக்கும் பொதுவாக நிற்கிற வினை ஒன்று யாருக்காவது தோன்றினால் எழுதுங்கள். எதுவும் வராவிட்டால் எதிர்த்தடம், நடுக்கோடு தாண்டல், எதிரேறல் மூன்றையும் பட்டியலில் சேர்த்துவிடலாம், நீலகிரிக்கு மட்டும் ஒரு அடிக்குறிப்பு போட்டுவிடுவோம்.