புதுப்பிப்பு: அம்மாவின் புளூ பேட்ஜ் வந்துவிட்டது

லண்டனில் அம்மாவுக்கு புளூ பேட்ஜ் (நடக்கச் சிரமப்படுபவர்கள் பக்கத்திலேயே கார் நிறுத்த, காரில் வைக்கும் அனுமதி அட்டை) கேட்டு, கவுன்சில் (உள்ளாட்சி நிர்வாகம்) மறுத்துவிட்டதை முன்பு எழுதியிருந்தேன். நேற்று தபாலில் வந்துவிட்டது!

முதல் விண்ணப்பத்தில் வெறுமனே "முழங்கால் வலி" என்று எழுதியது என் தவறு. இந்த முறை எவ்வளவு தூரத்தில் நின்றுவிடுகிறார், எத்தனை நிமிடம் ஓய்வு தேவை என்று அளந்தே எழுதினேன். பிசியோதெரபிஸ்ட் கடிதமும் வைத்தேன். நேரிலும் நடக்கச் சொல்லிப் பார்த்தார்கள். அம்மா வழக்கம்போல வலியை மறைக்கப் பார்த்தார். "இங்கே வீறாப்பு வேண்டாம்மா" என்றேன்.

கட்டணம் 10 பவுண்ட், 3 ஆண்டு செல்லும். அப்புறம், பேட்ஜ் ஆளுக்குத்தான், காருக்கு இல்லை. அம்மா வராத கடைப் பயணத்துக்கு நான் வைத்தால் 1,000 பவுண்ட் வரை அபராதம். தம்பி, உனக்கும்தான்!