மறுமொழி: ‘ஸ்கிரீனிங்’ – திரையிடலும் வேண்டாம், கண்டறிதலும் வேண்டாம்

குழுவினருக்கு வணக்கம்.

மனச்சோர்வுக் கையேட்டின் இரண்டாம் பகுதி இன்னும் ‘ஸ்கிரீனிங்’ என்ற இந்த ஒரு சொல்லுக்கு, அதாவது நோய் இருக்கலாம் என்று தோன்றுபவர்களை முதலில் பிரித்தெடுப்பதற்கு, தமிழ் கிடைக்காமல்தான் மாட்டிக்கொண்டு நிற்கிறது. ‘திரையிடல்’ என்று அச்சிட்டால் சேலத்தில் எந்தத் தியேட்டரில் என்றுதான் கேட்பார்கள். அதை விட்டுவிடுவோம்.

> ‘மனச்சோர்வு கண்டறியும் வினாத்தாள்’ என்றே போடலாமே? எல்லோருக்கும் புரியும்.

புரியும் ஐயா, ஆனால் தப்பாகப் புரியும். தாள் நோயைக் கண்டறிவதில்லை. நாம் பயன்படுத்தும் பி.எச்.க்யூ-9 (PHQ-9) என்ற மனச்சோர்வு வினாத்தாளையே எடுத்துக்கொள்ளுங்கள். கடந்த இரண்டு வாரத்தைப் பற்றி ஒன்பது கேள்விகள், ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 3 வரை, மொத்தம் 27. பத்தைத் தொட்டால் மருத்துவரிடம் அனுப்புவது வழக்கம். 2001இல் அதை ஆராய்ந்து வெளியிட்டவர்கள் கணக்குப்படி, இந்த 10 என்ற எல்லை, நோய் உள்ளவர்களில் 88 சதவீதம் பேரைப் பிடிக்கிறது. நோய் இல்லாதவர்களிலும் 88 சதவீதம் பேரைச் சரியாக விட்டுவிடுகிறது. கேட்க நன்றாக இருக்கிறது. ஆயிரம் பேரில் 50 பேருக்கு நோய் இருக்கிற ஓர் ஊரில் போட்டுப் பாருங்கள். அந்த 50 பேரில் 44 பேர் சிக்குவார்கள். மீதி 950 பேரில் 114 பேர் நோயே இல்லாமல் சிக்குவார்கள். ஆக, வரிசையில் நிற்கிற 158 பேரில் நூற்றுக்கு எழுபதுக்கும் மேற்பட்டவர்களுக்கு அந்த நோய் இல்லை. அவர்கள் சீட்டில் ‘கண்டறியப்பட்டது’ என்று எழுதிக் கொடுக்கலாமா? பெண்ணுக்கு வரன் பார்க்கிற வீட்டில் அந்த ஒரு வரி என்ன பாடு படுத்தும்?

> சலித்தெடுப்பதுதானே வேலை? ‘சலிப்பாய்வு’. ஜவ்வரிசி ஆலைகள் நிறைந்த ஊரில் விளக்கவே வேண்டாம்.

எனக்கும் பிடித்திருந்தது. ஏற்காட்டில் வேலை பார்க்கும் செவிலியர் அக்கா ஒரே வரியில் அதை முடித்துவிட்டார்: “வர்றவங்க சொல்றதே ‘எல்லாம் சலிப்பா இருக்கு சிஸ்டர்’னுதான், நாங்க அவங்களை மறுபடி சலிக்கணுமா?” அதற்குப் பிறகு அந்தச் சொல்லுக்காக வாதாட எனக்கு வாய் வரவில்லை. ‘தெள்ளாய்வு’ என்று தம்பி ஒருவர் எழுதியிருந்தார். முறத்தில் தெள்ளுவதை நினைத்துச் சொன்னது அழகுதான். ஆனால் படிப்பவர் காதில் ‘தெளிந்த ஆய்வு’ என்று விழும். தெளிவு பிறப்பது மருத்துவர் எதிரில் உட்கார்ந்து பேசிய பிறகு.

நான் முன்வைப்பது ‘ஐயத்தெரிவு’. ஐயத்துக்கு இடமானவர்களை மட்டும் தெரிந்தெடுப்பது. அதற்கு மேல் அந்தச் சொல் எதையும் உறுதி சொல்வதில்லை. இதில் இன்னொரு லாபமும் உண்டு. நோயில்லாமல் சிக்கிய 114 பேரை ‘பொய் நேர்மறை’ என்று எழுதி யாருக்கும் புரியாமல் திண்டாட வேண்டாம், ‘வீண் ஐயம்’ என்றால் போதும். சிக்காமல் போன ஆறு பேர் ‘விடுபட்டவர்’. மருத்துவரிடம் அனுப்புகிற அந்த எல்லைக்கு ‘வெட்டுப்புள்ளி’ என்பதற்குப் பதில் ‘ஐயவரம்பு’: பெரியவர்களுக்கான இந்தத் தாளில் 10; அதன் முதல் இரண்டு கேள்விகளை மட்டும் கேட்டால் 3. தற்கொலை எண்ணம் பற்றிய கேள்வி இருக்கிற தாளில் ‘வெட்டு’ என்ற சொல் வேண்டவே வேண்டாம்.

அடுத்தது, தாளின் பெயர்.

> ‘சுயமாக நிரப்பும் படிவம்’?

மலையில் எழுத்து தெரியாத பாட்டிக்குச் செவிலியர்தான் வாசித்துக் காட்டி, அவர் சொல்லச் சொல்ல வட்டம் போடுகிறார். நிரப்புகிற கை வேறு, கூற்று பாட்டியுடையது. அதனால் ‘தன்கூற்று வினாத்தாள்’. மனச்சோர்வை அளக்க 1961இல் வந்த பெக் அட்டவணைக்கும், பிள்ளை பெற்ற தாய்மாருக்கான 1987ஆம் ஆண்டின் எடின்பரோ அளவுகோலுக்கும் இதுவே பொருந்தும். மனச்சோர்வுக்கான இன்னொரு தாளான ஹாமில்டன் அளவுகோலுக்குப் பொருந்தாது; அதில் மதிப்பெண் போடுவது மருத்துவர். இந்த வேறுபாட்டைச் சொல்லிலேயே காட்டிவிடலாம்.

‘மனச்சோர்வு’ என்பதை ‘மன அழுத்தம்’ என்று மாற்றச் சொன்னவர்களுக்கு: மாட்டேன். பரீட்சைக்கு முந்தின நாள் எல்லோருக்கும் இருப்பது அது.

அன்புடன்,
சேலத்திலிருந்து

---

மறுமொழி: மறுமொழி: ‘ஸ்கிரீனிங்’

வணக்கம் சார், ஏற்காட்டுச் செவிலியர் எழுதுகிறேன். பதிவேட்டில் எழுத ‘ஐயத்தெரிவு’ சரி. ஆனால் ஆட்கள் முகத்துக்கு நேரே இதைச் சொல்ல மாட்டேன். போலீஸ் சந்தேக கேஸ் மாதிரி கேட்கிறது. “பத்து நிமிஷம் நாலு கேள்வி கேட்டுப் பார்க்கிறோம்மா” என்றால் போதும், உட்கார்ந்துவிடுவார்கள்.

கையேட்டில் இரண்டு விஷயம் சேர்த்துக்கொள்ளுங்கள். காப்பிப் பழம் பறிக்கிற மாதங்களில் அசதி இருக்கிறதா என்றால், நாள் முழுக்கச் சரிவில் நின்று பறித்தவர் ‘தினமும்’ என்றுதான் சொல்வார். தூக்கம், அசதி, பசி மூன்றுக்கும் மூன்று மூன்று போட்டால் அங்கேயே 9 ஆகிவிடுகிறது. இன்னும் ஒன்று சேர்ந்தால் வரம்பு வந்துவிடும். ரத்தசோகையிலும் தைராய்டு குறைவிலும் இந்த அசதி வரும். அதனால் வரம்பைத் தொட்டவர்களுக்கு ரத்தப் பரிசோதனையும் எழுதச் சொல்லுங்கள்.

இன்னொன்று, ஒன்பதாவது கேள்வி. செத்துப்போனால் தேவலை, உடம்பைக் காயப்படுத்திக்கொள்ளலாம் என்ற எண்ணம் பற்றியது. மொத்தம் நாலே வந்திருந்தாலும் அந்தக் கேள்விக்கு 1 போட்டிருந்தால் அன்றைக்கே தனியாக உட்கார வைத்துப் பேசணும். அங்கே ஐயவரம்பு கிடையாது. அரசின் மனநல உதவித் தொலைபேசியான டெலி மானஸ் எண் 14416ஐத் தாளின் அடியில் பெரிய எழுத்தில் போடுங்கள். போன தடவை மாதிரி பின்பக்கம் வேண்டாம், தாளை யாரும் திருப்புவதில்லை.