குளோசிங் செலவில் மிச்சம் பிடித்த அனுபவங்கள்

முதல் பதிவு:
அமெரிக்காவில் வீட்டுக் கடனுக்கு விண்ணப்பித்ததும், வட்டியையும் குளோசிங் (வீடு வாங்குவதைக் கையெழுத்திட்டு முடிக்கும் நாள்) செலவையும் மதிப்பிட்டுக் கடன் நிறுவனம் அனுப்பும் படிவம்தான் லோன் எஸ்டிமேட். அதன் இரண்டாம் பக்கத்தில் உள்ள ஏ பிரிவு, கடன் தரும் நிறுவனம் தனக்கென்று வாங்கும் கட்டணம் என்பது இங்குள்ள பலருக்கும் தெரிந்ததே. எனக்கு வந்த படிவத்தில் அண்டர்ரைட்டிங் (கடன் தரலாமா என்று பரிசீலிக்கும்) கட்டணத்துக்குக் கீழே பிராசசிங் என்று 895 டாலர் தனியாகப் போட்டிருந்தார்கள். அதே நாளில் வேறொரு நிறுவனம் அனுப்பிய எஸ்டிமேட்டில், வட்டி விகிதம் ஒன்றாகவே இருந்தும், அந்த வரியே இல்லை. இரண்டையும் முதல் நிறுவனத்தின் லோன் ஆபீசருக்கு அனுப்பிவிட்டு அவரைத் தொலைபேசியில் அழைத்தேன். சற்று நேரம் அவர் பேசவில்லை. கணினியில் தட்டும் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "அதை எடுத்துவிட்டேன், திருத்தியதை அனுப்புகிறேன்" என்றார். கேட்காமல் கையெழுத்திட்ட எத்தனை குடும்பங்கள் அந்த 895 டாலரைக் கட்டியிருக்கும் என்ற ஆதங்கம் இன்னும் என்னை விடவில்லை.

மறுமொழி:
நண்பர் வட்டியையும் சேர்த்துப் பார்த்திருக்கிறார். படிப்பவர்கள் அதைக் கவனிக்காமல் ஏ பிரிவை மட்டும் ஒப்பிடக் கூடாது. கட்டணத்தைக் குறைத்து வட்டியை உயர்த்தும் நிறுவனங்கள் உண்டு. நான் வாங்கியது டெக்சாஸில். அங்கே டைட்டில் இன்சூரன்ஸ் (வீட்டின் உரிமையில் பின்னால் சிக்கல் வந்தால் காக்கும் காப்பீடு) பிரீமியத்தை மாநில அரசே நிர்ணயிப்பதால் எங்கு விசாரித்தாலும் தொகை ஒன்றுதான். எஸ்க்ரோ (பணத்தையும் பத்திரங்களையும் இடையில் வைத்துக் கைமாற்றும் நிறுவனத்தின்) கட்டணத்தில்தான் எனக்குக் கொஞ்சம் மிஞ்சியது. இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். மாதக் கடைசியில் குளோசிங் வைத்தால் மிச்சம் என்று பலர் எழுதுகிறார்கள். 3,60,000 டாலர் கடனுக்கு 6.5 சதவீத வட்டியில் நாளொன்றுக்கு ஏறத்தாழ 64 டாலர் ஆகிறது. கடைசி வாரத்தில் முடித்தால் அன்று கையிலிருந்து கொடுக்கும் முன்வட்டி (குளோசிங் நாள் முதல் அந்த மாத முடிவு வரைக்கான வட்டி) குறையும் என்பது உண்மைதான். ஆனால் அது கடன் ஓடிய நாட்களுக்கான வட்டி மட்டுமே. மாதத் தொடக்கத்தில் முடிப்பவர் கூடுதலாகக் கொடுக்கும் தொகைக்கு அத்தனை நாட்கள் அந்த வீட்டில் இருக்கிறார், முதல் தவணையும் அவருக்குத் தள்ளியே வருகிறது. கைப்பணம் குறைவாக உள்ளவர்களுக்கு இது உதவும்; இதைச் சேமிப்பு என்று கணக்கில் எழுதக் கூடாது.

மறுமொழி:
எங்கள் வீட்டு ஆய்வில் தண்ணீர் சூடாக்கி பழுதென்று தெரிந்ததும், விலையைக் குறைக்காமல் அதற்கு ஈடாகக் குளோசிங் செலவில் ஒரு பங்கை ஏற்கும்படி விற்பவரிடம் கேட்டோம், அவரும் சம்மதித்தார். பத்து சதவீதத்துக்கும் குறைவாக முன்பணம் கட்டும் கன்வென்ஷனல் (அரசின் உத்தரவாதம் இல்லாத வழக்கமான) கடனில், குடியிருக்கும் வீட்டுக்கு இந்த உதவி விலையில் மூன்று சதவீதத்தைத் தாண்டக் கூடாது; உண்மையான செலவைவிட அதிகமாகவும் இருக்கக் கூடாது. குளோசிங்குக்கு மூன்று வேலை நாட்களுக்கு முன் கைக்கு வரும் டிஸ்க்ளோஷரை (இறுதிச் செலவுக் கணக்கை) வரி வரியாகப் படித்த என் மனைவிதான், விற்பவர் தரும் தொகையில் 640 டாலர் எந்தச் செலவிலும் சேராமல் நிற்பதைக் கண்டுபிடித்தார். விட்டிருந்தால் அது எங்களுக்குக் கிடைக்காமலே போயிருக்கும். அன்றே பேசி, அந்தத் தொகையைக் கடன் நிறுவனத்துக்கு முன்கூட்டிய கட்டணமாகக் கொடுத்து வட்டி விகிதத்தைச் சிறிது குறைத்துக்கொண்டோம்.