பழைய கேம் ஒரு சுற்று சுற்றிவிட்டு மாயமாகிறது, பிழைச் செய்தியும் இல்லை. உதவுங்கள்

கயல்:
வணக்கம். புது லேப்டாப். விண்டோஸ் 11, 16 ஜிபி ராம், ஆர்டிஎக்ஸ் 4050. ஸ்டீமில் (கேம் வாங்கி இறக்கும் தளம்) இருக்கும் புது கேம்கள் எல்லாம் நன்றாக ஓடுகின்றன. 2009ல் வந்த ஒரு கார் ரேஸ் கேம் மட்டும் திறக்கவே மாட்டேன் என்கிறது. ப்ளே கொடுத்தால் பட்டன் "ரன்னிங்" என்று மாறும், மவுஸ் பக்கத்தில் வட்டம் ஒரு சுற்று சுற்றும், பட்டன் மறுபடி "ப்ளே" ஆகிவிடும். திரை கறுப்பாகக்கூட ஆவதில்லை. பிழை என்று ஒரு பெட்டி வந்தாலாவது அதைத் தேடிப் பார்க்கலாம், அதுவும் இல்லை.

ஃபைல்களை வெரிஃபை செய்தாயிற்று. கிராஃபிக்ஸ் டிரைவர் புதிது. அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டிப் பார்த்தேன், கம்பாட்டிபிலிட்டியில் விண்டோஸ் 7 வைத்துப் பார்த்தேன், அழித்துவிட்டு மறுபடி இறக்கினேன். இதே கேம் என் தம்பியின் பழைய கம்ப்யூட்டரில், விண்டோஸ் 10ல், எந்தத் தொந்தரவும் இல்லாமல் ஓடுகிறது. அதுதான் எரிச்சல்.

புயல்வேகம்:
விண்டோஸை ஃபார்மட் அடிச்சுட்டுப் புதுசா போடுங்க. எல்லாம் சரியாயிடும்.

நட்டுபோல்ட்டு:
ஃபார்மட் வேண்டாம். காரணம் தெரியாம ஃபார்மட் அடிச்சா அதே காரணம் புது விண்டோஸிலும் வந்து உட்காரும்.

கயல், ரெண்டு விஷயம் மட்டும் பார்த்துச் சொல்லுங்க. டாஸ்க் மேனேஜரில் டீட்டெய்ல்ஸ் பக்கத்தைத் திறந்து வச்சுக்கிட்டு ப்ளே கொடுங்க. கேமோட பெயர் பட்டியல்ல வருதா, வந்து மறையுதா, வரவே இல்லையா? அடுத்தது ஈவன்ட் வியூவர். ஸ்டார்ட்ல தேடினா வரும். விண்டோஸ் லாக்ஸ், அதுக்குள்ள அப்ளிகேஷன். நீங்க ப்ளே கொடுத்த அதே நேரத்துல சிவப்பு அடையாளத்தோட, ஐடி 1000னு ஒரு பதிவு இருக்கா? இருந்தா அதுல "ஃபால்ட்டிங் மாட்யூல்"னு ஒரு வரி இருக்கும். அந்த வரியை அப்படியே போடுங்க.

கயல்:
டாஸ்க் மேனேஜரில் பெயர் வருகிறது, ஓரிரு நொடியில் போய்விடுகிறது. ஈவன்ட் வியூவரில் அந்த நேரத்துக்கு எதுவுமே இல்லை. 1000 இல்லை, வேறு சிவப்பும் இல்லை. இது நல்லதா கெட்டதா?

நட்டுபோல்ட்டு:
நல்லதுதான். ஒண்ணும் இல்லைங்கிறதே ஒரு துப்பு.

கேம் கிராஷ் ஆகியிருந்தா விண்டோஸ் பெரும்பாலும் ஒரு 1000 எழுதி வச்சிருக்கும். கேமுக்குத் துணையா இருக்கிற டிஎல்எல் ஃபைல் ஏதாவது குறைஞ்சிருந்தா "இந்த ஃபைல் இல்லை"ன்னு ஒரு பெட்டி குதிச்சிருக்கும். உங்களுக்கு ரெண்டும் இல்லை. அதனால என் கணக்கு: கேம் சாகலை, தானாவே வெளியே போகுது. திறந்ததும் எதையோ தேடுது, கிடைக்கலை, பேசாம நடையைக் கட்டுது. பழைய கேம்கள்ல இது சகஜம். பிழையைத் திரையில சொல்லணும்னு அதை எழுதினவங்க மெனக்கெட்டிருக்க மாட்டாங்க.

இப்படிப் போற கேம் பெரும்பாலும் தேடுறது சேவ் ஃபோல்டரைத்தான். அதை உருவாக்க முடியலைன்னா சில கேம் அங்கேயே நின்னுடும். அதனால:

விண்டோஸ் செக்யூரிட்டியில ரான்சம்வேர் பகுதிக்குப் போய் "கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்" ஆன்ல இருக்கான்னு பாருங்க. ஆன்ல இருந்தா டாக்குமென்ட்ஸுக்குள்ள அறிமுகம் இல்லாத புரோகிராம் எதையும் எழுத விடாது. ஒன்டிரைவ் உங்க டாக்குமென்ட்ஸை எடுத்துக்கிட்டுப் போயிருக்கான்னும் பாருங்க. கடைசியா, கேம் இருக்கிற ஃபோல்டர்ல லாக்னு முடியிற ஃபைல் ஏதாவது இருக்கா? நோட்பேட்ல திறந்து கடைசி சில வரிகளை இங்கே போடுங்க.

விசிறி22:
மன்னிக்கணும், நடுவுல வர்றேன். எனக்கும் கேம் திறக்கலை, ஆனா பெட்டி வருது. "சரியாகத் தொடங்க முடியவில்லை"ன்னு சொல்லி ஒரு நீள எண், ஏகப்பட்ட பூஜ்யம், கடைசியில 7பி. என்ன செய்யணும்?

மூன்றாம்கண்:
விசிறி, தனி இழை போட்டிருக்கலாம், பரவாயில்லை. 7பி-யில் முடிந்தால் 32 பிட் கேமுக்கு 64 பிட் டிஎல்எல் மாட்டியிருக்கிறது, அல்லது அதற்கு நேர் எதிர். ஒரு கேள்வி: சமீபத்தில் ஏதாவது இணையதளத்திலிருந்து டிஎல்எல் ஃபைலைத் தனியாக இறக்கி சிஸ்டம்32-வில் போட்டீர்களா?

விசிறி22:
ஆமா! எக்ஸ்இன்புட்1_3 இல்லைன்னு சொல்லுச்சு, அதை இறக்கிப் போட்டேன். எப்படிக் கண்டுபிடிச்சீங்க?

மூன்றாம்கண்:
பத்தில் எட்டுப் பேர் அதைத்தான் செய்கிறார்கள். பெயரே குழப்பம்: 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பது 64 பிட் ஃபைல்கள். 32 பிட் ஃபைல்கள் சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில் இருக்கின்றன. பெயரைப் பார்த்துப் போட்டால் தலைகீழாகத்தான் போகும்.

நீங்கள் போட்ட ஃபைலை அழியுங்கள். மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து 2010 ஜூன் மாதத்து டைரக்ட்எக்ஸ் ரன்டைம் தொகுப்பை இறக்கி நிறுவுங்கள். எக்ஸ்இன்புட்1_3, டி3டிஎக்ஸ்9_43 எல்லாம் அதில்தான் வருகின்றன. விண்டோஸ் 10, 11ல் புதிய டைரக்ட்எக்ஸ் இருந்தாலும் இந்தப் பழைய துணை ஃபைல்கள் அதில் கிடையாது. கூடவே விஷுவல் சி++ ரன்டைமில் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் போடுங்கள். 64 பிட் கம்ப்யூட்டர்தானே என்று ஒன்றை மட்டும் போட்டால் 32 பிட் கேம் மறுபடி அழும். டிஎல்எல்லைத் தனியாக விநியோகிக்கும் தளங்கள் பக்கம் இனிமேல் போகாதீர்கள். எந்தப் பதிப்பு, யார் கை வைத்தது என்று எதுவும் தெரியாது.

கயல்:
கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆஃப்ல இருக்கிறது. ஒன்டிரைவ் நான் அமைக்கவே இல்லை. லாக் ஃபைல் கிடைத்தது! ஆங்கிலத்தில் இருப்பதை இங்கே தமிழ் எழுத்தில் தட்டுகிறேன், கடைசி மூன்று வரி:

டிஸ்ப்ளே: ஓகே
யூசர் ஃபோல்டர்: சி:\யூசர்ஸ்\????????\டாக்குமென்ட்ஸ்
கிரியேட் டைரக்டரி ஃபெயில்டு, எரர் 123

அதோடு முடிந்துவிட்டது. கேள்விக்குறிகள் நான் போட்டவை அல்ல, ஃபைலிலேயே அப்படித்தான் இருக்கிறது.

நட்டுபோல்ட்டு:
மாட்டிக்கிச்சு. 8 கேள்விக்குறி இருக்கா, எண்ணிப் பாருங்க. உங்க விண்டோஸ் யூசர் பெயர் தமிழ் எழுத்துலயா இருக்கு? "கயல்விழி"ன்னு?

கயல்:
ஆமாம், லேப்டாப்பை முதல் முறை திறந்து அமைக்கும்போது தமிழில்தான் அடித்தேன். ஆனால் கயல்விழிக்கு ஐந்து எழுத்துதானே? எட்டு எப்படி?

நட்டுபோல்ட்டு:
நமக்கு ஐந்து. கம்ப்யூட்டருக்கு எட்டு. க, ய, ல, அதுக்கு ஒரு புள்ளி, வ, அதுக்கு ஒரு மேல்விலங்கு, ழ, அதுக்கு ஒரு மேல்விலங்கு. யூனிகோடுல, அதாவது எல்லா மொழி எழுத்துக்கும் எண் கொடுக்கிற முறையில, புள்ளியும் மேல்விலங்கும் தனித்தனிக் குறி. ஒவ்வொண்ணுக்கும் ஒரு கேள்விக்குறி விழுந்திருக்கு. கயல்ங்கிற உங்க பெயரை நீட்டிப் பார்த்தேன், எண்ணிக்கை பொருந்துச்சு.

நடந்தது இதுதான். பழைய கேம்கள் நிறைய விண்டோஸ்கிட்ட ஃபோல்டர் பாதையைக் கேக்கும்போது யூனிகோடுல கேக்காது, கோட் பேஜ்னு ஒரு பழைய முறையில கேக்கும். அதுல ஒரு நேரத்துக்கு ஒரு பட்டியல் எழுத்துதான் புழங்கும். ரஷ்ய மொழிக்கு 1251, ஜப்பானியத்துக்கு 932, சீனத்துக்கு 936னு தனித்தனிப் பட்டியல் இருக்கு. தமிழுக்கு அப்படி சிஸ்டத்துல வைக்கிற மாதிரி ஒண்ணு வரவே இல்லை. விண்டோஸ் 2000ல தமிழ் நுழைஞ்சப்பவே நேரா யூனிகோடா நுழைஞ்சுடுச்சு. (இஸ்கிங்கிற பழைய இந்திய எழுத்துக் குறியீட்டு முறையில தமிழுக்கு 57004னு ஒரு எண் இருக்கு, ஆனா அதை சிஸ்டம் கோட் பேஜா வைக்க முடியாது.) அதனால அந்தப் பழைய வழியில கேட்டா தமிழ் எழுத்து எல்லாம் கேள்விக்குறியாத்தான் திரும்பி வரும்.

சும்மா பெயர் கெட்டதோட போனா பரவாயில்லை. கேள்விக்குறி ஃபைல் பெயர்ல வரவே கூடாத குறி. அந்தப் பாதையில சேவ் ஃபோல்டரை உருவாக்கப் போனா விண்டோஸ் 123ங்கிற பிழையைக் கொடுக்கும். "இந்தப் பெயரோட அமைப்பே தப்பு"ன்னு அர்த்தம். கேம் அதைப் பார்த்துட்டு வெளியே போயிடுது. தம்பி கம்ப்யூட்டர்ல பெயர் ஆங்கில எழுத்துல இருக்கும், அதான் ஓடுது. உங்க புது கேம்கள் யூனிகோடுலயே கேக்குது, அதான் அவையும் ஓடுது.

முதல்ல உறுதிப்படுத்திக்கலாம். செட்டிங்ஸ், அக்கவுன்ட்ஸ், அதர் யூசர்ஸ். அங்கே புது அக்கவுன்ட் சேர்க்கும்போது மைக்ரோசாஃப்ட் அக்கவுன்ட் இல்லாம சேர்க்கிற வழியை எடுங்க. பெயர் ஆங்கில எழுத்துல, இடைவெளி இல்லாம. அதுல உள்ளே போய் ஸ்டீம்ல லாகின் பண்ணி ப்ளே கொடுங்க. கேமை மறுபடி இறக்க வேண்டாம், இருக்கிற இடத்துலயே கிடைக்கும்.

புயல்வேகம்:
எதுக்கு இவ்ளோ? ரீஜன் செட்டிங்ஸ்ல அட்மினிஸ்ட்ரேட்டிவ் பக்கத்துல "பீட்டா: யூடிஎஃப்-8"ன்னு ஒரு டிக் இருக்கு. அதைப் போட்டு ரீஸ்டார்ட் பண்ணா முடிஞ்சுது.

மூன்றாம்கண்:
முடியலாம். ஆனால் அந்த டிக் ஒரு கேமுக்கு மட்டும் பொருந்தாது, கம்ப்யூட்டர் முழுக்கப் பொருந்தும். எங்கள் வீட்டில் அதைப் போட்டதும் அப்பாவின் பழைய தமிழ் டைப்பிங் மென்பொருள் குளறுபடி ஆகிவிட்டது. திஸ்கி என்ற பழைய தமிழ் எழுத்துக் குறியீட்டில் தட்டி வைத்திருந்த கடிதங்கள் எல்லாம் கட்டம் கட்டமாகத் தெரிந்தன. டிக்கை எடுத்ததும் திரும்பிவிட்டன, ஃபைல் எதுவும் கெடவில்லை. யூனிகோடுக்கு முந்தைய தமிழ் மென்பொருள் ஏதாவது வைத்திருப்பவர்கள் யோசித்துத் தொடுங்கள். பீட்டா என்று அவர்களே எழுதி வைத்திருக்கிறார்கள்.

கயலுக்கு இன்னொரு வழி உண்டு. லாக்கில் கேட்பது டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரைத்தான். அதை மட்டும் நகர்த்தலாம். டி டிரைவில் ஆங்கில எழுத்தில் ஒரு ஃபோல்டர் உருவாக்குங்கள். டாக்குமென்ட்ஸ் மேல் ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், லொக்கேஷன், மூவ். அந்த ஃபோல்டரைக் காட்டுங்கள். டி டிரைவையே நேராகக் காட்டிவிடாதீர்கள், பிறகு அதைப் பிரித்தெடுப்பது பெரும்பாடு.

கயல்:
புது அக்கவுன்ட்டில் கேம் திறந்தது! முதல் காட்சியிலேயே என்ஜின் சத்தம் காதைப் பிளக்கிறது.

பிறகு பழைய அக்கவுன்ட்டுக்கே வந்து, மூன்றாம்கண் சொன்னபடி டாக்குமென்ட்ஸை டி-க்கு நகர்த்தினேன். இங்கேயும் திறக்கிறது. என் பெயரை மாற்ற மனசில்லை, அதனால் இப்படியே வைத்துக்கொள்கிறேன். இரண்டு பேருக்கும் நன்றி.

ஒன்று மட்டும்: கன்ட்ரோல் பேனலில் அக்கவுன்ட் பெயரை ஆங்கிலத்துக்கு மாற்றியிருந்தால் போதாதா?

நட்டுபோல்ட்டு:
போதாது. அங்கே மாறுறது திரையில தெரியிற பெயர் மட்டும். யூசர்ஸுக்குள்ள இருக்கிற ஃபோல்டர் பெயர் அக்கவுன்ட் பிறந்தப்ப வச்சதுதான், அது அசையாது. ரெஜிஸ்ட்ரியில போய் அதை மாத்தச் சொல்ற வீடியோக்கள் இருக்கு. ஒரு எழுத்து பிசகினா விண்டோஸ் தற்காலிக ப்ரொஃபைல்ல உள்ளே விடும், உங்க டெஸ்க்டாப் காலியா தெரியும். வேண்டாம்.

ஆனா இதையே நம்ம பக்கம் திருப்பிக்கலாம். புதுசா அக்கவுன்ட் போடுறவங்க முதல்ல ஆங்கில எழுத்துல உருவாக்கிட்டு, அப்புறம் கன்ட்ரோல் பேனல்ல பெயரைத் தமிழுக்கு மாத்திக்கலாம். உள்ளே நுழையும்போது தமிழ்ப் பெயர் தெரியும், ஃபோல்டர் ஆங்கிலத்துலயே இருக்கும்.

உங்களுக்கு ஒரு எச்சரிக்கை: டாக்குமென்ட்ஸை நகர்த்தினது டாக்குமென்ட்ஸைத் தேடுற கேமுக்கு மட்டும்தான் மருந்து. உங்க யூசர் ஃபோல்டருக்குள்ளயே இருக்கிற ஆப்டேட்டாங்கிற ஃபோல்டர்ல சேவ் வைக்கிற பழைய கேம் வந்தா மறுபடி இதே கதை. அப்ப அந்த ரெண்டாவது அக்கவுன்ட்டைப் பயன்படுத்துங்க, அழிச்சுடாதீங்க. லாக் எழுதாத கேமா இருந்தா மைக்ரோசாஃப்ட்டோட ப்ராசஸ் மானிட்டர்னு ஒரு இலவசக் கருவி இருக்கு. கேமோட பெயரை ஃபில்டர்ல போட்டு ஓட்டினா, எந்தப் பாதையைத் தொட்டுத் தோத்துச்சுன்னு வரிவரியா காட்டும்.

விசிறி22:
எனக்கு டைரக்ட்எக்ஸ் போட்டதும் 7பி போச்சு, கேம் ஓடுது. நன்றி. இன்னொண்ணு, 2003ல டிஸ்க்ல வாங்கின கேம் ஒண்ணு இருக்கு. வெளியிலிருந்து மாட்டுற டிவிடி டிரைவ்ல போட்டா இன்ஸ்டால் ஆகுது, திறக்க மட்டும் மாட்டேங்குது. பெட்டியும் வரலை. எனக்கும் யூசர் பெயர்தான் காரணமா? என்னது ஆங்கிலத்துலதான் இருக்கு.

நட்டுபோல்ட்டு:
அந்தக் காலத்து டிஸ்க்னா சேஃப்டிஸ்க் பூட்டு இருக்க வாய்ப்பு அதிகம். டிஸ்க் அசல்தானான்னு பார்க்க அது விண்டோஸோட அடிமட்டம் வரை ஒரு டிரைவரை இறக்கும். அந்த டிரைவர்ல பாதுகாப்பு ஓட்டை இருந்ததால விண்டோஸ் 10 வந்தப்பவே அதுக்கு ஆதரவு கொடுக்கலை. அதே 2015 செப்டம்பர்ல ஒரு அப்டேட் மூலமா விண்டோஸ் 7, 8லயும் அதை முடக்கிட்டாங்க. கம்பாட்டிபிலிட்டி மோடு, ரன்டைம் எதுவும் இதுக்கு உதவாது. டிஸ்க்கைத் திறந்ததும் தெரியிற முதல் இடத்துல, வேற ஃபோல்டருக்குள்ள போகாம, செக்டிரைவ்னு (secdrv) தொடங்குற ஃபைல் இருக்கான்னு பாருங்க. இருந்தா இதுதான் காரணம்.

அதே கேமைப் பூட்டு இல்லாம மறுபடி வெளியிட்டிருக்காங்களான்னு ஸ்டீம்லயும், ஜிஓஜிங்கிற இன்னொரு கேம் விற்கிற தளத்துலயும் தேடுங்க. கேமை உருவாக்கினவங்களே பூட்டை எடுத்துட்டு ஒரு பேட்ச் விட்டிருக்கலாம், அதையும் பாருங்க. "நோ சிடி கிராக்"னு கிடைக்கிறதை இறக்காதீங்க, அதுல வைரஸ் ஒளிஞ்சு வர்றது சாதாரணம்.

விசிறி22:
செக்டிரைவ் இருக்கு. ஜிஓஜியில அந்த கேமும் இருக்கு. என் பழைய சேவ் ஃபைல் அதுல வேலை செய்யுமா?

நட்டுபோல்ட்டு:
பெரும்பாலும் செய்யும். சேவ் ஃபோல்டரை முதல்ல வேற இடத்துல ஒரு நகல் எடுத்து வச்சுட்டு, புதுசை ஒரு முறை திறந்து மூடுங்க. அது உருவாக்குற ஃபோல்டர்ல நகலைப் போடுங்க. திறக்கலைன்னா ரெண்டோட பேட்ச் எண்ணையும் இங்கே போடுங்க, பார்ப்போம்.