பொன்னியின் செல்வன்: படத்தில் மயங்கியவள் புத்தகத்தில் முதல் அத்தியாயத்தைத் தாண்டவில்லை!

வேளச்சேரி அம்மா:
என் மகளுக்கு 13 வயது. மணிரத்னம் எடுத்த இரண்டு பாகங்களையும் எத்தனை தடவை பார்த்தாள் என்று கணக்கே இல்லை. நந்தினி வரும் இடங்களில் நிறுத்தி நிறுத்தி நகைகளை நோட்டில் வரைவாள். ஆசை இருக்கும்போதே கொடுப்போம் என்று, அப்பா வைத்திருந்த கல்கி நாவலின் முதல் பாகம் ‘புது வெள்ள’த்தை எடுத்துக் கொடுத்தேன். மறுநாளே திரும்பி வந்துவிட்டது. “படத்துல எடுத்த உடனே சண்டை. இதுல வந்தியத்தேவன் ஏரிக்கரையில கணவாய் எண்ணிட்டுப் போறான்!” என்கிறாள். (மதகைத்தான் கல்கி அப்படி எழுதுகிறார்.) அந்த வீரநாராயண ஏரிக்கு 74 கணவாய் வேறு. என்ன செய்யலாம்?

பழைய பைண்டு:
படத்தைக் குறை சொல்ல மாட்டேன். ஐந்து பாகத்தை ஐந்தரை மணி நேரத்தில் அடக்குபவர் மதகு எண்ண முடியுமா? ரவி வர்மனின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதே கிடைத்தது. ஆனால் கல்கி 1950இல் தொடங்கி மூன்றரை வருஷம் வாராவாரம் எழுதியவர். அவருக்கு அவசரமே இல்லை. ராத்திரிக்கு ஓர் அத்தியாயம் நீங்களே வாசித்துக் காட்டுங்கள். கொக்கி போட்டுத்தான் முடிப்பார், அடுத்ததை அவளே கேட்பாள்.

மணிமேகலை கட்சி:
நீங்கள் வேண்டுமானால் சும்மா இருங்கள், எனக்கு இன்னும் ஆறவில்லை. வந்தியத்தேவனின் நண்பன் கந்தமாறன் தங்கை மணிமேகலை படத்தில் ஆளே இல்லை! வந்தியத்தேவனைக் காப்பாற்றக் கொலைப் பழியையே தன் தலையில் போட்டுக்கொள்ளத் துணிந்தவள். சேந்தன் அமுதனையும் வெறும் பூக்காரனாகவே விட்டுவிட்டார்கள். அவன் உண்மையில் யார் என்பதுதானே கதையின் பெரிய முடிச்சு?

காட்டுமன்னார்கோயில்காரன்:
அக்கா, அந்த வீரநாராயண ஏரிதான் எங்கள் வீராணம். சென்னைக்குக் குழாயில் வரும் தண்ணீரில் அதுவும் உண்டு என்று பாப்பாவிடம் சொல்லிப் பாருங்கள். கதை தொடங்குவதே ஆடிப்பெருக்கு அன்றுதான், அப்போது கூட்டி வாருங்கள். பைக்கில் போனாலும் கரை முடியாது.

வேளச்சேரி அம்மா:
தம்பி, குழாய் பலித்துவிட்டது! சொம்பைப் பிடித்தபடியே “இது அவன் குதிரை குடிச்ச ஏரியா?” என்றாள். இப்போது கடம்பூர் மாளிகை வரை வந்துவிட்டாள். மணிமேகலை கட்சிக்காரரே, அந்தச் சேந்தன் அமுதன் வரியை மட்டும் அழித்துவிடுங்களேன். அவளும் இந்த உரையாடல் திரியைப் பார்க்கிறாள்.